முத்திரை குத்திய எடைக்கல்

ஒரு மனிதன் சரியாக எழுபத்தைந்து கிலோ இருப்பது குற்றமில்லை. அதை அரசாங்கத் தராசில் ஏறி நிரூபிப்பதுதான் குற்றம். ஒனேசிம் வாரென் அந்தக் குற்றத்தை 1911ஆம் ஆண்டு அக்டோபரில் ஒரு செவ்வாய்க்கிழமை, ஊர்ச் சந்தையில் சர்க்கரை பீட்ரூட் நிறுக்கும் எடைமேடையில் நின்று செய்தான். ஊரே பார்த்துக்கொண்டிருந்தது. அவன் மைத்துனன் ஃபிர்மான் கைகூடத் தட்டினான்.

ரேன்ஸ் நகரத்துக்குக் கிழக்கே உள்ள சுண்ணாம்புப் பொட்டலில் ராணுவம் ஒரு விமானப் போட்டி நடத்திக்கொண்டிருந்தது. எட்டு விமானங்கள். ஒவ்வொன்றும் ஓட்டுபவரோடு கூட ஒரு சிப்பாயின் எடையையும் சுமந்து இருபது கிலோமீட்டர் சுற்றிவர வேண்டும். ஜெயிக்கிற என்ஜினில் அறுபதை ராணுவம் வாங்கும். சிப்பாயின் எடை எழுபத்தைந்து கிலோ என்று விதி ஆறு சொன்னது. முதலில் மணல் மூட்டைதான் வைத்தார்கள். என்ஜின் முதலாளி ஒருவர் மணலைக் கொட்டிவிட்டு மூட்டைக்குள் மரத்தூளை அடைத்தார். மற்றவர்கள் அதைக் கண்டுபிடித்துக் கைத்தடியால் அடித்துக்கொண்டார்கள். இரண்டு மண்டை உடைந்தது.

கமிட்டியின் தலைவர் ஜெனரல் புரான்ஷார் அடிதடி ஓய்ந்ததும் எழுந்து நின்று தீர்ப்புச் சொன்னார்.

"மணலை மாத்திடலாம். மனுஷனை மாத்த முடியுமா? உள்ள மரத்தூள் வச்சு மனுஷனைத் தைக்க முடியுமா? முடியாது. அதனால இனிமே மனுஷன்தான் எடை. எல்லா விமானத்துக்கும் ஒரே மனுஷன். நியாயம்னா அதுதான் நியாயம்!"

அப்படித்தான் ஊர் ஆண்களை எல்லாம் எடைமேடையில் ஏற்றினார்கள். ரொட்டிக்காரன் எண்பத்தொன்று. கோயில் மணியடிப்பவன் அறுபத்தெட்டு. ஃபிர்மான் எழுபத்துமூன்று. அறுபது ஆடும் நாலு ஏக்கர் கோதுமை வயலும் வைத்திருந்த ஒனேசிம் ஏறியபோது முள் எழுபத்தைந்தில் போய் நின்றது. கொஞ்சம்கூட ஆடவில்லை.

எடை அளவைத் துறையின் ஆய்வாளர் த்ருவாயே கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். இருபத்தாறு வருஷ உத்தியோகத்தில் இப்படி ஒரு சுத்தமான எடையை அவர் பார்த்ததில்லையாம். அவர் கண் கலங்கியிருந்தது.

எடைக்கல் என்றால் முத்திரை வேண்டும். மனிதனுக்கு எங்கே முத்திரை குத்துவது என்று கமிட்டி இரண்டு மணி நேரம் விவாதித்தது. பெல்ட்டில் குத்தலாம் என்றார் ஒருவர். கழற்றிவிடுவான் என்றார் இன்னொருவர். நெற்றியில் குத்தினால் மதிப்பாக இருக்காது. கடைசியில் ஒனேசிமின் ஆடுகளைப் பார்த்ததும் ஜெனரலுக்கு வழி தோன்றியது. இரண்டு போலீஸ்காரர்கள் அவன் தலையை வேலிக்கம்பத்தோடு அழுத்திப் பிடித்துக்கொள்ள, த்ருவாயே அவன் இடது காதில் ஓட்டை போட்டு, கம்பி கோத்து, ஈயத்தை வைத்து இடுக்கியால் நசுக்கினார். ஈயத்தில், எடைக்கற்களில் குத்துவது போலவே, அந்த வருஷத்தைக் குறிக்கும் எழுத்து பதிந்திருந்தது. ஒனேசிம் கத்திய கத்தலில் ஆடுகள் சிதறி ஓடின. அவை ஒவ்வொன்றுக்கும் அவனே ஓட்டை போட்டவன்தான். ஒன்றுகூட இப்படிக் கத்தியதில்லை.

அன்று சாயங்காலமே அவன் பெண்டாட்டி ஸெலீ கையில் சாணிவாரியோடு முகாமுக்கு வந்தாள்.

"என் புருஷன் எங்கய்யா?"

"அம்மா, உங்களுக்கு ரசீது தரோம்" என்றார் ஜெனரல் மரியாதையாக. ரசீதில், 'எடைக்கல் ஒன்று, நல்ல நிலையில்' என்று எழுதியிருந்தது.

"இவனா நல்ல நிலையில? காதுல ரத்தம் வடியுது பாருங்க!"

"ரத்தம் நின்னதும் மறுபடி நிறுப்போம். நீங்க பயப்படாதீங்க. பிரெஞ்சுக் குடியரசுல ஒரு எடைகூட வீணாப் போகாது."

எடைக்கற்களைப் பாதுகாக்கும் விதிகள் ஒனேசிமுக்கும் அப்படியே பொருந்தும் என்று முடிவானது. உலர்ந்த இடத்தில் வைக்க வேண்டும். வெயில் படக்கூடாது. வெறுங்கையால் தொடக்கூடாது. அதனால் அவனைப் பிடித்துப்போகும் போலீஸ்காரர்களுக்கு வெள்ளைக் கையுறை கொடுத்தார்கள். காலையிலும் மாலையிலும் வெள்ளை ரொட்டியும் மாட்டுக்கறியும் நிறுத்துக் கொடுப்பார்கள். அவன் கழிப்பறைக்குப் போனால் த்ருவாயே பதிவேட்டோடு வாசலில் நிற்பார். வேலியோரம் வந்து நின்று இதையெல்லாம் பார்த்த ஃபிர்மானுக்கு வாயில் எச்சில் ஊறியது.

"குடுத்து வச்சவன் மச்சான் நீ. வேலை இல்ல, வெட்டி இல்ல, ரெண்டு வேளையும் கறி."

"வந்து உக்காந்து பாருடா மாப்ள, தெரியும்."

"ரெண்டே ரெண்டு கிலோ கம்மியாப் போச்சே" என்று ஃபிர்மான் உண்மையாகவே வருத்தப்பட்டான்.

முதல் விமானம் தரையை விட்டுக் கிளம்பி, வேலி உயரம் ஏறி, மூக்குக் குப்புற விழுந்தது. ஒனேசிம் இருக்கையிலிருந்து பிய்த்துக்கொண்டு பறந்து பீட்ரூட் வயலில் போய் விழுந்தான். ஓட்டியவருக்குத் தோள் இறங்கிவிட்டது. ஓடிவந்தவர்கள் முதலில் என்ஜினைப் பார்த்தார்கள். பிறகு ஒனேசிமைத் தூக்கித் தராசில் வைத்தார்கள். நானூறு கிராம் குறைந்தது. இரண்டு பல்லும் கொஞ்சம் ரத்தமும்தான் அது. பற்களை வயலில் தேடச் சொல்லி ஆள் அனுப்பினார் த்ருவாயே. கிடைக்கவில்லை. அவன் சட்டைக்குள் நானூறு கிராம் ஈயத்தை வைத்துத் தைத்தார்கள்.

இரண்டாவது விமானத்தில் பெட்ரோல் குழாய் அறுந்து தீப்பிடித்தது. அவன் புருவமும் ஒரு கை மயிரும் கருகின. புருவத்துக்கு எடை உண்டா என்று கமிட்டி ஓட்டெடுத்தது. ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் இல்லை என்று முடிவானது.

மூன்றாவது விமானத்தில் பாங்க்ராஸ் என்ஜின். பிரான்சிலேயே பெரிய பெயர். மற்ற என்ஜின்களில் விசிறி மட்டும் சுற்றும். இதில் விசிறியோடு சேர்ந்து ஏழு சிலிண்டர்களும் சுற்றும், மொத்த என்ஜினும் ராட்டினம் போலச் சுழலும். உராய்வுக்கு விளக்கெண்ணெய்தான் ஊற்றுவார்கள். சுற்றுகிற வேகத்தில் அந்த எண்ணெயெல்லாம் பின்னால் உட்கார்ந்திருப்பவன் வாய்க்குள் போகும். விளக்கெண்ணெய் வயிற்றுக்குள் போனால் என்ன ஆகும் என்று தமிழ் படிக்கிறவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. பறந்துகொண்டிருந்தபோதே ஒனேசிமின் எடை குறைய ஆரம்பித்தது.

ஆனால் அந்தப் பறத்தலில் அவன் மறக்காதது வயிற்றுவலியை அல்ல. ஏழெட்டு நிமிஷம் நன்றாகப் போன பிறகு, என்ஜினின் இரைச்சலுக்கு அடியில், டிக் டிக் என்று ஒரு சத்தம் கேட்டது. காலித் தகர டப்பாவைக் கோழி கொத்துவது போல. முதலில் மெதுவாக, பிறகு அவசரமாக. ஐந்து நிமிஷம் கொத்தியிருக்கும். திடீரென்று வால்வு முறிந்து, ஒரு சிலிண்டர் அடியோடு பிடுங்கிக்கொண்டு, முன்னால் உட்கார்ந்திருந்த கேப்டனின் தலையை எடுத்துக்கொண்டு போனது. தலையில்லாத ஆள் ஓட்டும் கட்டையைப் பிடித்தபடியே உட்கார்ந்திருக்க, விமானம் தானாகவே வட்டமடித்து ஒரு குளத்தில் விழுந்தது. ஒனேசிமின் மூன்று விலா முறிந்தன.

அவனைத் தராசில் வைத்தபோது அவன் பேசத் தொடங்கினான்.

"ஐயா, அது உடையறதுக்கு முன்னால சத்தம் வந்துச்சு. டிக் டிக்னு. அஞ்சு நிமிஷம். அப்பவே நிறுத்தியிருந்தா அந்த ஐயா பொழச்சிருப்பாரு!"

த்ருவாயே மென்மையாக அவன் தோளைத் தட்டி, பிறகு கையுறை போடாமல் தொட்டுவிட்டதை நினைத்துக் கையை இழுத்துக்கொண்டார்.

"இங்க பாருப்பா" என்றார் ஜெனரல். "நீ எடை. எடை சாட்சி சொல்ல ஆரம்பிச்சா என்ன ஆகும்? நாளைக்குச் சந்தையில ரெண்டு கிலோ கல்லு, 'இந்தக் கறிக்காரன் திருடன்'னு சொல்லும். வியாபாரம் நடக்குமா? குடியரசு நிக்குமா? ஆயிரத்தெழுநூத்துத் தொண்ணூத்துமூணுல நம்ம தாத்தாமாரு ராஜா தலையை வெட்டினது எதுக்கு? எல்லா ஊர்லயும் கிலோ ஒரே கிலோவா இருக்கணும்னுதான். கிலோவுக்கு வாய் கிடையாது. அதுதான் கிலோவோட பெருமை."

இறந்துபோன கேப்டனுக்கு ஆறு பேர் வாத்தியம் வாசித்தார்கள். என்ஜின் முதலாளி பாங்க்ராஸ் சமாதியில் பேசினார்: "என்னோட என்ஜின் அவரைக் கைவிடல. கடைசி நிமிஷம் வரைக்கும் சுத்திச்சு. ஏழுல ஆறு சிலிண்டர் இன்னிக்கும் நல்லாதான் இருக்கு." எல்லோரும் தொப்பியைக் கழற்றினார்கள்.

நான்காவது விமானம் கிளம்பவேயில்லை. ஒனேசிமுக்கு மிகவும் பிடித்த விமானம் அதுதான். ஐந்தாவதன் இறக்கை நடுவானில் மடிந்தது; ஒரு வைக்கோல் போர் அவன் உயிரைக் காப்பாற்றியது, ஓட்டியவரைக் காப்பாற்றவில்லை. ஆறாவதிலும் பாங்க்ராஸ் என்ஜின். அதே கோழி, அதே தகரம். ஒனேசிம் முன்னால் இருந்தவரின் முதுகில் குத்திக் குத்திக் கத்தினான். அவர் திரும்பி, "அசையாதடா சனியனே, எடை ஆடக்கூடாது!" என்றார். அதுதான் அவர் கடைசியாகச் சொன்னது. சிலிண்டர் அவர் மார்பைப் பிளந்துகொண்டு போனது. ஒனேசிமின் இடது கையில் இரண்டு விரல்கள் போயின. இப்போது அவன் சட்டைக்குள் ஒன்றரைக் கிலோ ஈயம் இருந்தது. இருமினால் கிணுகிணுவென்றது.

ஏழாவது விமானம் கமிட்டியின் சாப்பாட்டுக் கூடாரத்தில் புகுந்தது. இரண்டு சமையல்காரர்கள் செத்தார்கள். அதைவிடப் பெரிய ரகளை அதற்கப்புறம் நடந்தது. விமானம் ஓட்டிய சார்ஜெண்ட் எடை போட்ட பிறகு ரகசியமாக ஒரு பிளம்ஸ் பணியாரம் தின்றுவிட்டான் என்றும், அதனால் இருநூறு கிராம் அநியாயமாகக் கூடிவிட்டது என்றும் அந்த விமானத்துக்குச் சொந்தக்காரர் சொன்னார். "என் தராசையா சந்தேகப்படறீங்க?" என்றார் த்ருவாயே. வாள்சண்டைக்கு அழைப்பதாகக் கையுறையைக் கழற்றி அவர் கன்னத்தில் அடித்தார். மறுநாள் காலை ஆட்டுப்பட்டிக்குப் பின்னால் இருவரும் வாளெடுத்துச் சண்டையிட்டார்கள். த்ருவாயேயின் மேல்கையில் வாள் இந்தப் பக்கம் நுழைந்து அந்தப் பக்கம் வந்தது. இரண்டு டாக்டர்களும் நான்கு சாட்சிகளும் அறிக்கையில் கையெழுத்துப் போட்டார்கள். மானம் காப்பாற்றப்பட்டது. இருவரும் கட்டிப்பிடித்து இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டுக்கொண்டார்கள். செத்த சமையல்காரர்களைப் பற்றி அறிக்கையில் ஒரு வரியும் இல்லை. அவர்கள் யாரையும் சந்தேகப்படவில்லையே.

எட்டாவது, கடைசி விமானத்தை ஓட்டப்போனவர் லெப்டினன்ட் வெர்னிசே. இருபத்துநான்கு வயது. ஒனேசிமைப் பார்த்து வணக்கம் சொன்ன ஒரே அதிகாரி அவர்தான். சிகரெட்கூடக் கொடுத்தார், அதைப் பிடிப்பதற்குள் த்ருவாயே பிடுங்கி நிறுத்தார்.

அன்று காலை ஒனேசிம் விமானத்தைச் சுற்றிவந்து பார்த்தான். சுழலும் என்ஜின், ஏழு சிலிண்டர், விளக்கெண்ணெய் வாடை. பாங்க்ராஸ். அவன் தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"நான் வரல."

"என்னய்யா ஆச்சு?" என்றார் வெர்னிசே.

"ஐயா, உங்க காலைப் புடிச்சுக் கேக்கறேன். இந்த என்ஜின்ல டிக் டிக்னு ஒரு சத்தம் வரும். வந்தா அஞ்சு நிமிஷம்தான். ரெண்டு பேரு என் கண்ணு முன்னால செத்தாங்க. ரெண்டு தடவையும் அப்படித்தான். வந்தா உடனே நிறுத்திட்டு எறங்கிடுங்க."

வெர்னிசே திரும்பி என்ஜினைப் பார்த்தார். அவர் நம்பினார் என்று ஒனேசிமுக்குத் தெரிந்தது. ஆனால் நம்புவது வேறு, அதிகாரியாக இருப்பது வேறு.

"இருபதாவது கிலோமீட்டர் கம்பத்தைத் தாண்டாம நான் எறங்கினா, காரணம் என்னன்னு எழுதிக் குடுக்கணும். எடை சொல்லிச்சுன்னு எழுத முடியுமாய்யா? மெஸ்ஸுல ஒருத்தன் மூஞ்சியில முழிக்க முடியாது."

வெள்ளைக் கையுறை போட்ட இருவர் ஒனேசிமைத் தூக்கி இருக்கையில் வைத்து வார்ப்பட்டையை இறுக்கினார்கள்.

பதினொன்றாவது கிலோமீட்டரில் கோழி கொத்தத் தொடங்கியது. ஒனேசிம் கத்திச் சொன்னதும்தான் வெர்னிசேவுக்கும் அது கேட்டது, அவர் கழுத்து விறைத்ததை ஒனேசிம் பின்னாலிருந்து பார்த்தான். ஆனால் அவர் கை என்ஜினை அணைக்கும் விசைப்பக்கம் போகவில்லை. கம்பத்தைப் பார்த்தே ஓட்டினார். ஒனேசிம் கெஞ்சினான். கத்தினான். பிறகு வார்ப்பட்டையைப் பல்லால் தளர்த்தி, சட்டையைக் கிழித்து, ஈயத் துண்டை எடுத்து, வெர்னிசேயின் தலையில் ஓங்கி அடித்தான். அவர் முழங்கையால் இடித்ததில் ஒனேசிமின் மூக்கு உடைந்தது. அவன் அவர் காதைக் கடித்தான். அவர் அவன் காதைப் பிடித்து இழுத்தார். முத்திரையோடு காதின் பாதி அவர் கையோடு வந்தது. எழுபது மீட்டர் உயரத்தில், ரத்தமும் விளக்கெண்ணெயும் வழிய வழிய, இரண்டு நல்ல மனிதர்கள் ஒருவரையொருவர் கொல்லப் பார்த்தார்கள். கடைசியில் ஒனேசிம் விசையைத் தட்டி அணைத்துவிட்டான். இரைச்சல் நின்றது. விமானம் சறுக்கிக்கொண்டே போய் உழுத வயலில் சக்கரம் ஒடிய உட்கார்ந்தது.

இருவரும் உயிரோடு இறங்கினார்கள். வெர்னிசே நேராக என்ஜினிடம் போய் ஒரு சிலிண்டரைத் தொட்டார். அது பழுத்த பல்லைப் போல ஆடியது. அவர் திரும்பி வந்து ஒனேசிமின் பக்கத்தில் மண்ணில் உட்கார்ந்தார். மிச்சமிருந்த பாதிக் காதில் தன் கைக்குட்டையை வைத்துக் கட்டினார்.

"உன்னால பொழச்சேன்யா" என்றார்.

விசாரணை மூன்று நாள் நடந்தது. வெர்னிசே நடந்ததை அப்படியே சொன்னார். கமிட்டிக்கு அது பெரிய தலைவலி. அடித்தது யார்? எடை. எடை ஓர் அதிகாரியை அடிக்குமா? அடித்தால் அது குற்றமா, பழுதா? குற்றமென்றால் அவன் மனிதன். மனிதனென்றால் எட்டு விமானங்களில் எடையே இல்லாமல் போட்டி நடந்திருக்கிறது. எல்லாவற்றையும் மறுபடி நடத்த வேண்டும். ஜெனரல் கைதட்டி அமைதிப்படுத்தினார்.

"பாரம் இடம் நகர்ந்திருக்கு. கப்பல்ல நடக்கறதில்லையா? அதேதான். என்ஜின்மேல தப்பு இல்ல. பாரத்தைச் சரியாக் கட்டல, அவ்வளவுதான். பாங்க்ராஸ் என்ஜின் மத்த எல்லாத்தையும்விட அதிக தூரம் பறந்திருக்கு. அறுபது வாங்கலாம்னு சிபாரிசு பண்றோம். விதி பதினாலு புதுசா சேர்த்துக்கறோம்: பாரத்தோட கையையும் காலையும் கட்டணும். ஓட்டறவர் கவனத்தைக் கெடுக்காம இருக்க வாயில துணி வைக்கணும்."

"சிலிண்டர் ஆடுதே, ஜெனரல் ஐயா!" என்றார் வெர்னிசே.

"பாரம் அடிச்சதுல ஆடியிருக்கும்" என்றார் பாங்க்ராஸ்.

ஒனேசிமை நிறுத்தார்கள். எழுபத்தொன்று. முத்திரையும் இல்லை. அந்த அரைக்காதை ஸ்பிரிட் குப்பியில் போட்டுச் சாட்சிப் பொருளாக வைத்துக்கொண்டு, அவனை வேலிக்கு வெளியே விட்டார்கள். ஸெலீ அவனைப் பார்த்ததும் முதலில் அழுதாள், பிறகு திட்டினாள், பிறகு இரண்டையும் சேர்த்துச் செய்தாள்.

அறுபதில் முதல் என்ஜினை மந்திரியின் ஆட்கள் முன்னால் பறக்கவிட்டுக் காட்டுவதாக ஏற்பாடு. ஓட்டுபவர் வெர்னிசே. மறுத்தால் ஒரே அடியில் பயந்துபோனவன் என்பார்கள். பாதியில் இறங்கியதற்காக ஏற்கெனவே நான்கு அதிகாரிகள் அவரை வாள்சண்டைக்கு அழைத்துச் சீட்டு அனுப்பிவிட்டார்கள். புது எடை யார் என்று அன்று காலையில்தான் ஒனேசிமுக்குத் தெரிந்தது. ஃபிர்மான். இரண்டு வாரமாகப் பன்றிக்கொழுப்பைத் தின்று எழுபத்தைந்தைத் தொட்டுவிட்டான். காதில் புது ஈயம் மின்னியது.

"டேய், எறங்குடா!" என்றான் ஒனேசிம் வேலியைப் பிடித்துக்கொண்டு. "அது கொல்ற என்ஜின்டா!"

"உனக்குப் பொறாமை மச்சான்" என்று சிரித்தான் ஃபிர்மான். "அக்காகிட்ட சொல்லு, ராத்திரி எனக்குச் சாப்பாடு வேணாம்னு. இங்க கன்னுக்குட்டிக் கறி."

"சிரிக்காதடா. நான் சொல்றதைக் கேளு. டிக் டிக்னு கோழி கொத்தற மாதிரி கேட்டா உடனே அவர்கிட்ட சொல்லு. முன்னால இருக்கறவருக்கு இரைச்சல்ல அது தானாக் கேக்காது, சொன்னா இந்தத் தடவை அவர் நிறுத்துவாரு. உடனே சொல்லணும், கேட்டியா?"

ஒனேசிமின் முகத்தில் எதையோ பார்த்துவிட்டு ஃபிர்மான் சிரிப்பை நிறுத்தினான். "சொல்றேன் மச்சான்" என்றான். அப்போதுதான் கையுறைக்காரர்கள் கயிற்றோடும் துணியோடும் வந்தார்கள்.

ஒனேசிம் வேலியைத் தாண்டி ஓடி ஜெனரலின் முன்னால் போய் நின்றான். இப்போது அவன் எடை இல்லை. வாய் உள்ள மனிதன்.

"ஐயா, இப்ப நான் பேசலாமில்ல? முத்திரைதான் போயிடுச்சே. எட்டு விமானத்துல ஏறினவன் நான். இந்த என்ஜின் ஆகாது. அந்தத் துணியையாவது எடுக்கச் சொல்லுங்க!"

"பேசுப்பா, தாராளமாப் பேசு. குடிமகனுக்குப் பேச்சுரிமை உண்டு" என்றார் ஜெனரல். த்ருவாயேயிடம் பதிவேட்டைக் காட்டச் சொன்னார். "ஆனா விமானத்தைப் பத்திப் பேச அதுல பறந்திருக்கணும். விதி ரெண்டு. இவன் பேரு எங்கயாவது இருக்கா?"

த்ருவாயே பக்கங்களைப் புரட்டினார். "எட்டு விமானம், ஏழு பறத்தல். ஒவ்வொண்ணுலயும் ஓட்டுநர் ஒருவர், எடை ஒன்று. ஒனேசிம் வாரென்னு யாரும் பறந்ததா இல்லீங்க."

"பாத்தியா? பறக்காதவன் பேச்சை வச்சு நாட்டோட பாதுகாப்பை முடிவு பண்ண முடியுமா? நீயே சொல்லு."

போலீஸ்காரர்கள் அவனைத் தரையில் தள்ளி மிதித்தார்கள். இந்த முறை கையுறை போடவில்லை. பாண்டு வாத்தியம் முழங்கியது. விமானம் கிளம்பியது.

முகத்தை மண்ணில் அழுத்தியிருந்தாலும் முழுக்காது மேலே இருந்தது. விமானம் முதல் சுற்று முடிந்து தலைக்கு மேல் வந்தபோது, கொம்பும் மேளமும் இரைந்ததற்கு நடுவிலும் ஒனேசிமுக்கு அது கேட்டது. கொத்த ஆரம்பித்திருந்தது. அவன் எண்ணினான். ஒரு நிமிஷம். இரண்டு. விமானம் கம்பத்தைத் தாண்டித் திரும்பியது. மூன்று. நான்கு. ஃபிர்மான், சொல்லுடா. சொல்லித் தொலைடா. மந்திரியின் ஆட்கள் கைக்குட்டை ஆட்டினார்கள்.

பிறகு, வானத்தில் இரைச்சல் சட்டென்று நின்றது. வெர்னிசே விசையை அணைத்துவிட்டார். ஒனேசிம் மூச்சுவிட்டான். ஆனால் அணைத்த என்ஜின் உடனே நிற்காது. இன்னும் சில சுற்று சுற்றும். அதில் ஏதோ ஒரு சுற்றில் சிலிண்டர் பிடுங்கிக்கொண்டது. விமானம் இரண்டாகக் கிழிந்து, அறுபது மீட்டர் உயரத்திலிருந்து, வாத்தியக்காரர்களுக்கு அப்பால் இருந்த சுண்ணாம்புத் தரையில் விழுந்தது.

அவன் போய்ச் சேர்ந்தபோது வெர்னிசேயின் உடம்பு என்ஜினோடு என்ஜினாகக் கிடந்தது. ஃபிர்மான் கொஞ்சம் தள்ளி, கை கால் கட்டியபடியே, கண் திறந்து கிடந்தான். அவன் வாயிலிருந்த துணி நடுவில் கடித்து அறுக்கப்பட்டிருந்தது. கெட்டியான சணல் துணி. முன்பற்களில் நூல் சிக்கி, ஈறெல்லாம் ரத்தம். நான்கு நிமிஷம் அதைக் கடித்திருக்கிறான். கடித்து முடித்ததும் சொல்லியிருக்கிறான். சொன்னதும் வெர்னிசே கேட்டிருக்கிறார். துணி மட்டும் இல்லாவிட்டால் இருவரும் ராத்திரி கன்னுக்குட்டிக் கறி சாப்பிட்டிருப்பார்கள். ஒனேசிம் மண்டியிட்டு, மைத்துனனின் வாயிலிருந்து அந்தத் துணியை இழுத்து எடுத்தான்.

த்ருவாயே குனிந்து பார்த்து நோட்டில் குறித்தார். "துணி தரமில்ல" என்றார் வருத்தத்தோடு. "அடுத்த தடவை தோல் போடணும்."

ஜெனரல் தொப்பியைக் கழற்றினார். கூட்டம் சுற்றி நின்றது. அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"பெரியோர்களே! இன்னிக்கு இந்த மண்ணுல சிந்தின ரத்தம், நம்ம வானத்தோட..."

ஒனேசிம் எழுந்தான். மூன்று விரல் இருந்த கையால் ஜெனரலின் தாடையைப் பிடித்து, இன்னொரு கையால் அந்தத் துணியை அவர் வாய்க்குள் திணித்தான். பல் உடைகிற சத்தம் கேட்டது. அவரைத் தரையில் சாய்த்து மார்பில் முழங்காலை வைத்து அழுத்தினான். போலீஸ்காரர்கள் துப்பாக்கிக் கட்டையால் அவன் முதுகிலும் தலையிலும் அடித்தார்கள். ஒனேசிம் கையை எடுக்கவில்லை. ஃபிர்மானின் வாயில் எவ்வளவு நேரம் இருந்ததோ அவ்வளவு நேரமாவது அது அங்கே இருக்கட்டும் என்றுதான் அவன் நினைத்தான்.